நான் மென்ற வெற்றிலை

வெள்ளைக்காரக் கமிஷனர் கப்பலேறி, மலாக்காவுக்கு நம் நாட்டவரே ஒருவர் கவர்னரான பிறகு நடந்த முதல் மாநிலத் தேர்தல் அது. எனக்கு இருபத்திரண்டு வயது. ஜாலான் பெண்டஹாராவில் ஒரு துணிக்கடையில் சேலை விரித்துக் காட்டும் வேலை. தமிழும் மலாயும் தடையில்லாமல் வரும், வாயும் கொஞ்சம் நீளம். அதனால்தான் மாட்டிக்கொண்டேன்.

எங்கள் காஜா பேராங் பகுதியில் நின்றவர் ஒரு வழக்கறிஞர். கடை முதலாளிக்கு உறவு. மதராஸில் படித்துவிட்டு வந்தவர். தமிழில் மேடை அதிரப் பேசுவார். மலாயில் மீன் வாங்கக்கூடத் தெரியாது. எங்கள் ஓட்டு மட்டும் அவருக்குப் போதாது. மலாக்கா செட்டிகளின் ஓட்டும் வேண்டும். அவர்களும் எங்களைப் போல மாரியம்மனைக் கும்பிடுகிறவர்கள்தாம், ஆனால் வீட்டில் பேசுவது மலாய். அவர் பேச்சை அவர்களுக்குச் சொல்ல முதலாளி என்னை அனுப்பினார்.

மாரியம்மன் கோயிலுக்குப் பக்கத்தில் வரிசையாக அவர்களுடைய வீடுகள் பதினொன்று, எல்லாம் அத்தாப்பு ஓலை வேய்ந்தவை. அந்த வழியாகச் சாலை வரப்போகிறது என்று பேச்சு. வீடு போய்விடக் கூடாது, அது ஒன்றைத்தான் அவர்கள் கேட்டார்கள். அந்த வரிசைக்கே ஒரு விதவைப் பெண்மணிதான் பெரியவர். அத்தை முறை வைத்து மக்சிக் என்று கூப்பிடுவோம்.

“நான் ஜெயிச்சா ஒரு வீட்டைக்கூட இடிக்க விடமாட்டேன்னு சொல்லும்மா” என்றார் வழக்கறிஞர். சொன்னேன். ஒரு சொல் கூட்டவில்லை, குறைக்கவில்லை.

மக்சிக் வெற்றிலைப் பெட்டியை அவர் முன்னால் நகர்த்தினார். அதிலிருந்து எடுத்து மென்றால் வாக்குக் கொடுத்ததாக அர்த்தம். வழக்கறிஞர் தன் வெள்ளைச் சட்டையைப் பார்த்தார். “கறை படும், நீ போட்டுக்கம்மா, எல்லாம் ஒண்ணுதானே” என்று பெட்டியை என் பக்கம் தள்ளிவிட்டார். யாரும் எடுக்காவிட்டால் மக்சிக்குக்கு அவமானம். அதை நினைத்து நான் எடுத்து மடித்து வாயில் போட்டேன். என்ன செய்கிறேன் என்று தெரிந்துதான் போட்டேன்.

அவர் ஜெயித்தார். பதினோரு வீட்டு ஓட்டும் அவருக்குத்தான். ஆறு மாதத்தில் வீட்டைக் காலி செய்யச் சொல்லி நோட்டீஸ் வந்தது.

மக்சிக்கைக் கூட்டிக்கொண்டு வழக்கறிஞரின் அலுவலகத்துக்குப் போனேன். மொழிபெயர்க்கத் தயாராக நின்றேன். அவர் என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. நேராக மக்சிக்கைப் பார்த்து, பிழையில்லாத மலாயில் சொன்னார்: “சாயா தக் சக்காப். டியா யாங் சக்காப்.” நான் சொல்லவில்லை, இவள்தான் சொன்னாள் என்று. மனுஷன் அந்த ஆறு மாதத்தில் மலாய் கற்றிருக்கிறார்.

வேலை போனால் போகட்டும் என்று, “பொய் சொல்றீங்க சார்” என்றேன். அவர் மணியடித்துப் பியூனைக் கூப்பிட்டார். மறுநாளே வேலையும் போனது.

திரும்பும்போது மக்சிக் முச்சந்தியில் நின்றார். கோபமே இல்லாமல் மலாயில் சொன்னார்: “அவர் வெற்றிலையைத் தொடவே இல்லை. தின்றது நீ.”

வீடுகளை இடித்தார்கள். ஒரு வருஷம் கழித்து, பத்து பெரெண்டாம் என்ற ஊரில் மக்சிக் குடியிருந்த வாடகை அறையைத் தேடிப் போனேன். உட்காரச் சொன்னார். தேநீர் கொடுத்தார், என் அம்மாவை விசாரித்தார். வெற்றிலைப் பெட்டி மட்டும் அலமாரி மேலேயே இருந்தது.