ஆறடி பீரோவும் ஒன்பதே கால் அடிச் சுவரும்

கலப்புப் பின்னக் கழித்தலில் எந்தத் தப்புக்காக ஏழாம் வகுப்புப் பிள்ளைகளை நான் பெஞ்சு மேல் ஏற்றினேனோ, அதே தப்பை என் சொந்த வீட்டில் கான்கிரீட்டாகப் போட்டு, தண்ணீர் ஊற்றிக் கெட்டிப்படுத்தியும் இருக்கிறேன். தொழில், கணக்கு வாத்தியார்.

பெரம்பலூரில் வீடு கட்டிக்கொண்டிருந்தோம். படுக்கையறையில் ஒரு பரண். அதன்மேல் பித்தளை அண்டா நிற்க மூன்றடி, பரணின் கனம் நாலு அங்குலம். கீழே ஆறடி பீரோ. பீரோ, கிரகப்பிரவேசத்துக்கு என் மனைவியின் அண்ணன் விக்கிரமங்கலத்திலிருந்து கொண்டுவரப்போகும் சீர். முன்பு அவர் கொடுத்த கட்டிலை மொட்டைமாடியில் போட்டதற்கே ஒரு பொங்கல் முழுக்க எங்களோடு பேசாதவர்.

"பீரோ ரூமுக்குள்ள நிக்கணும். இல்லன்னா எங்கண்ணன் மூஞ்சில நான் முழிக்க முடியாது" என்று மனைவி எச்சரித்திருந்தாள்.

கொத்தனார் டேப்பைப் பிடித்தபடி கேட்டார்: "மொத்த ஒசரம் ஒம்பதே கால் அடி சார். மூணடி நாலு இன்ச் போனா பீரோவுக்கு எடம் இருக்குமா?"

அங்குலமாகவே வைத்துக் கழித்திருந்தால் பிழைத்திருப்பேன். படித்தவன் ஆயிற்றே! நாலு அங்குலத்தை அடியில் மூன்றில் ஒன்றாக்கினேன். ஒன்பதில் மூன்று போக ஆறு. மிச்சக் காலிலிருந்து மூன்றில் ஒன்று போகாது. போகாவிட்டால் என்ன? மூன்றில் ஒன்றிலிருந்து காலைக் கழித்தேன். பன்னிரண்டில் ஒன்று. ஆக, ஆறடி ஓர் அங்குலம்.

"ஒரு இன்ச் மிச்சமே வருது. போடுங்க."

கிரகப்பிரவேசத்தன்று நாலு பேர் பீரோவை நிமிர்த்தித் தள்ளினார்கள். பரணில் முட்டி நின்றது. மச்சான் முகம் சுருங்கியது.

"எங்க வூட்டுப் பொருளுன்னா மட்டும் எடம் பத்தாது."

நான் சாக்பீஸை எடுத்து, பீரோ கதவிலேயே கணக்கைப் போட்டுக் காட்டினேன். மறுபடியும் ஆறடி ஓர் அங்குலம்.

"பாருங்க மச்சான், கணக்குப்படி உள்ள போகுது."

"கணக்கு போயிருச்சு மாப்ள. பீரோ வெளியிலல்ல நிக்குது!"

சுற்றி நின்றவர்கள் சிரித்ததில் அவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. பீரோவைக் கூடத்தில், வாசலைப் பார்த்து நிறுத்தினோம். வந்தவர்களெல்லாம் அதன் கண்ணாடியில் தலையைச் சரிசெய்துகொண்டு, "யாரு செஞ்ச சீரு?" என்று கேட்டார்கள். பதில் சொல்லும் ஆசையில் மச்சான் பந்திக்குக்கூடப் போகவில்லை.

கூட்டம் கலைந்ததும் மனைவியை உட்காரவைத்து, சரியான முறையை விளக்கினேன். ஒன்பதிலிருந்து ஒன்றை எடுத்துப் பன்னிரண்டு கூறாக்க வேண்டும். கால் என்பது அதில் மூன்று கூறு, சேர்த்தால் பதினைந்து. மூன்றில் ஒன்று என்பது நாலு கூறு. அது போகப் பதினொன்று. மீதி எட்டில் மூன்று போக ஐந்து. ஐந்தடி பதினோரு அங்குலம். மிச்சம் என்று நினைத்த அங்குலம் உண்மையில் குறைச்சல்.

அவள் முழுக்கக் கேட்டாள். பிறகு சொன்னாள்:

"அளக்குற டேப்பு அப்ப கொத்தனாரு கையிலயேதானங்க இருந்துச்சு?"