லினக்ஸில் ஓடிய லோரி

பிரிக்பீல்ட்ஸில் நான் வேலை செய்யும் கணினிக் கடைக்குப் பண்டமாரானிலிருந்து பெரிய மீசைக்கார லோரி ஓட்டுநர் ஒருவர் வந்தார். தம் மடிக்கணினியில் லோரி ஓட்டும் கேம் ஓடவில்லை என்றார்.

"லினக்ஸ எடுத்துட்டு விண்டோஸ் போட்டா ஓடும் அங்கிள்."

"அது மட்டும் வேணாம்மா. சபா மாநிலத்துக்குப் படிக்கப் போறதுக்கு முன்னால என் மக போட்டுக் கொடுத்தது."

எங்கள் வீட்டில் முதலில் பட்டம் வாங்கிய மகள் நான், முடியாது என்பேனா? மாலைக்குள் லினக்ஸிலேயே கேமை ஓடவைத்தேன்.

"பகல் பூரா லோரி, வீட்லயும் லோரியா அங்கிள்?"

"இந்த ரோட்டுல டிராஃபிக் ஜேம் இல்லலா!"

அவர் ஓட்டிப் பார்த்துக்கொண்டிருந்தபோது மகளின் அழைப்பு வந்தது. உடனே எடுக்கவில்லை. சிக்னல் போட்டு, கேம் லோரியைச் சாலையோரம் நிறுத்திய பிறகே எடுத்தார்.

"சொல்லும்மா. ஒன் லினக்ஸ்லதான் ஓட்டிக்கிட்டிருந்தேன்."

பேசி முடிக்கும்வரை திரையில் அந்த லோரியின் சிக்னல் மினுக்கிக்கொண்டே இருந்தது. கடையை மூட எனக்கு அவசரமே வரவில்லை.