ரக்பிக்காரருக்குப் போட்ட சோறு

போன கிழமை என் முழங்கால் வலிக்கு மகள் ஒரு களிம்பு வாங்கி வந்தாள். அவள் மூடியைத் திறந்ததும் நெடி மூக்கில் ஏறியது, நான் காலைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டேன். என் முகத்தைப் பார்த்துப் பிள்ளை பயந்துபோனாள். "அப்பா, ஓகேயா?" என்று கேட்டாள். "ஓம், ஒண்டுமில்லை" என்றேன். ஒரு களிம்பின் மணத்துக்குப் பயப்படுகிற மனிதனை அவள் இதற்கு முன் கண்டிருக்க மாட்டாள்.

ஊரில் இதே நெடி அடிக்கும் எண்ணெயை நோவெண்ணெய் என்போம். ஆனால் எனக்கு அது இப்போது ஊரின் மணமில்லை. நாங்கள் வந்து குடியேறிய இந்தக் குளிர் நாட்டில், வைலே என்ற ஊரில், கடல்நீர் உள்ளே புகுந்து நிற்கும் அந்தக் குடாவுக்கு மேலே இருந்த ஒரு விடுதிப் பள்ளிக்கூடத்தின் சாப்பாட்டு மண்டபம் அப்படித்தான் மணக்கும். கோடையில் மாணவர்கள் வீட்டுக்குப் போனதும் விளையாட்டு அணிகளுக்கு அதை வாடகைக்கு விடுவார்கள். நீச்சல்காரர் வருவார்கள், ஹாண்ட்போல் பிள்ளைகள் வருவார்கள், எல்லோரும் எதையாவது காலில் பூசிக்கொண்டுதான் சாப்பிட வருவார்கள். நான் அங்கே குசினியில் சேர்ந்த முதல் கோடை அது. அதற்கு முன் இறைச்சித் தொழிற்சாலையில் நின்றவன். அந்தக் குளிரில் நின்றவனுக்குத்தான் சூடான அடுப்பின் அருமை தெரியும். மூன்று மாதம் பார்த்துவிட்டு, பிடித்தால் நிரந்தரமாக்குவோம் என்றிருந்தார்கள். அதனால் ஒரு கரண்டி கீழே விழுந்தாலும் என் நெஞ்சு பக்கென்றது.

குசினிக்குப் பொறுப்பாக இருந்தவள் கிர்ஸ்டன். நல்ல மனுசி. ஒருநாள் முகமெல்லாம் சிரிப்போடு வந்து, "உன்னுடைய நாட்டிலிருந்து ஓர் அணி வருகிறது" என்றாள். ரக்பி. தேசிய அணி. கோடைச் சுற்றுப்பயணமாம். எங்கள் யூலண்ட் பகுதியில் பொறுக்கியெடுத்த ஆட்டக்காரரோடு முதல் ஆட்டம், அதற்கு எங்கள் விடுதியில்தான் தங்குவார்கள். எனக்குப் பெரிய பரிசு ஒன்றைத் தந்துவிட்டதாக அவள் நினைத்தாள். நானும் பல்லைக் காட்டினேன். சண்டை முடிந்து சில வருடங்கள்தான் ஆகியிருந்தன. "என்னுடைய நாடு" என்பதை விளக்கப் போனால் உருளைக்கிழங்கு கருகிவிடும். போதாக்குறைக்கு ரக்பி என்றால் என்னவென்றும் எனக்குத் தெரியாது. எங்கள் பள்ளிக்கூடத்தில் கால்பந்தும் கிரிக்கெட்டும்தான். அந்த நீள்முட்டைப் பந்தைப் பேப்பரில் பார்த்ததோடு சரி.

வீட்டில் சொன்னபோது மனைவி மிளகாய் வறுத்துக்கொண்டிருந்தாள். திரும்பாமலே சொன்னாள்: "சமைச்சமா, வந்தமா எண்டு இருங்கோ. ஒருத்தரோடும் கதைக்கப் போகாதேங்கோ."

"எனக்குச் சிங்களமே தெரியாது. என்னத்தைக் கதைக்கிறது?"

"பாஷை தெரியாத ஆக்களோடதான் நீங்கள் கூடக் கதைக்கிறனீங்கள்."

அது உண்மைதான். ஆனால் சிங்களம் அறவே தெரியாது என்றதில் கொஞ்சம் பொய் இருந்தது. கொழும்பு லொட்ஜில் விசாவுக்குக் காத்திருந்த நாட்களில் சோறு, தண்ணீர், எவ்வளவு என்று கேட்கிற அளவுக்குப் படித்திருந்தேன். அதற்கு மேல் எனக்குத் தெரிந்ததெல்லாம் சோதனைச் சாவடிச் சிங்களம். நில், இறங்கு, அடையாள அட்டையை எடு. அணி வந்திறங்கிய அன்று விடுதி நடையில் ஒருவன் இன்னொருவனை உரத்துக் கூப்பிட்டான். குளித்துவிட்டுத் துடைக்கத் துவாயைக் கேட்டிருப்பான், பாவம். என் கை தன்பாட்டில் சட்டைப் பைக்குப் போனது. அங்கே அட்டையும் இல்லை, பையும் இல்லை. குசினிச் சீருடைக்குப் பை வைப்பதில்லை.

ஆட்கள் ஒவ்வொருவரும் கதவை அடைத்துக்கொண்டு நின்றார்கள். ஆடி மாத வெயிலிலும் குளிருது என்று இரண்டு சட்டை போட்டிருந்தார்கள். மத்தியானத்தில் கிர்ஸ்டன் ரை மாவில் சுட்ட கறுத்தப் பாணும் ஈரல் பசையும் ஊறப்போட்ட மீனும் வைத்தாள். தட்டுகள் அப்படியே திரும்பி வந்தன. மறுநாளும் அதே கதை. கிர்ஸ்டன் கவலைப்பட்டாள். நான் அவளைவிடக் கவலைப்பட்டேன், ஏனென்றால் மிஞ்சிய சாப்பாட்டைக் கொட்டுவது என் வேலை. அணியின் மனேஜர் வயதானவர், நரைத்த மீசை. அவர் வந்து ஆங்கிலத்தில் மெதுவாகக் கேட்டார்: "சோறு ஏதும் கிடைக்குமா?"

வீட்டிலிருந்து மிளகாய்த்தூள் கொண்டுபோனேன். மனைவிதான் கட்டித் தந்தாள். கூடவே காய்ந்த தேங்காய்ப்பூவையும் வைத்தாள், சம்பலுக்கு. அன்று அவர்கள் சாப்பிட்ட சாப்பாட்டை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். பானையின் அடி தெரிந்தது. ருவன் என்ற மலை மாதிரிப் பெடியன் ஒருத்தன், விரலைச் சூப்பிக்கொண்டே என்னைப் பார்த்துத் தலையாட்டினான். எனக்கு உச்சி குளிர்ந்துவிட்டது.

ஆட்டம் சனிக்கிழமை. கிர்ஸ்டனுக்கு அன்று லீவு. "எல்லாவற்றையும் நடுமேசையில் வை, அவரவர் எடுப்பார்கள். நீ பக்கத்தில் நிற்கவே தேவையில்லை" என்று சொல்லிவிட்டுப் போனாள். மனேஜரும் சொன்னார்: "கொஞ்சமாகச் சோறு, உறைப்பில்லாமல்." உறைப்பில்லாமல் சமைத்தேன். ஆனால் நடுமேசையில் வைத்துவிட்டுத் தள்ளி நிற்க எனக்கு வரவில்லை. வீட்டுக்கு வந்த ஆட்களை அப்படியா விடுவது? அகப்பையோடு மேசை மேசையாகப் போனேன். போதும் என்று கை காட்டினார்கள். முதல் போதும் மரியாதைக்குச் சொல்வது. இரண்டாவதும் அப்படித்தான். மூன்றாம் தரம் கேட்காமலே போட வேண்டும். அவர்களும் அதே மாதிரி வீடுகளில் வளர்ந்த பிள்ளைகள். போட்ட சோற்றை மிச்சம் விட அவர்களுக்கும் வரவில்லை. நான் போடப் போட அவர்கள் சாப்பிட்டார்கள். மனேஜர் ஒரு மூலையில் ஃபோனில் இருந்தார்.

தண்ணீர்ப் பெட்டிகளைத் தூக்க ஆள் வேண்டும் என்று என்னையும் மைதானத்துக்குக் கூட்டிப்போனார்கள். விளையாட்டு விளங்காவிட்டாலும் ஏதோ சரியில்லை என்பது விளங்கியது. எங்கட ஆட்கள், அப்போதே வாயில் எங்கட என்று வந்துவிட்டது, கல்யாண வீட்டுப் பந்தியிலிருந்து எழும்பி வந்தவர்கள் மாதிரி ஓடினார்கள். ஒருவன் ருவனை இடுப்போடு கட்டி விழுத்தினான். ருவன் உடனே எழும்பவில்லை. எழும்பியபோது எல்லைக் கோட்டுக்கு ஓடிவந்து, என் காலடியில் சத்தியெடுத்தான். அவனுக்குப் பின்னால் இன்னும் இருவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார்கள்.

களிம்பு நெடியோடு அணியின் மருத்துவர் ஓடிவந்தார். "என்ன சாப்பிட்டான்?" என்று ஆங்கிலத்தில் கேட்டார். மனேஜர் என்னைத் திரும்பிப் பார்த்தார். "சாப்பாட்டில் என்ன போட்டீர்கள்?"

சாதாரணமாகத்தான் கேட்டார். எனக்குத்தான் அது சாதாரணமாகக் கேட்கவில்லை. சிங்கள அணிக்குத் தமிழன் சமைத்தான், மூன்று பேர் விழுந்துவிட்டார்கள். இதை யார் யாருக்கு எப்படிச் சொல்வார்கள்? வேலை போவது கிடக்கட்டும், பொலிஸ் வந்தால்? "சோறு, பருப்பு, கோழி, மஞ்சள், உப்பு" என்று சாவடியில் நின்று பதில் சொல்கிறவன் மாதிரி ஒப்புவித்தேன். கை மறுபடியும் இல்லாத சட்டைப் பையைத் தேடியது.

ஆட்டத்தில் தோற்றார்கள். நான் முன்கூட்டியே விடுதிக்கு வந்து, மிஞ்சியிருந்த கோழிக்கறியை எடுத்துச் சாப்பிட்டுப் பார்த்தேன். எனக்கும் வயிறு பிரண்டது. அது கறியாலா பயத்தாலா என்று எப்படிப் பிரித்தறிவது? மனைவிக்கு ஃபோன் எடுத்தேன்.

"கிர்ஸ்டனுக்குச் சொல்லிப்போட்டீங்களோ?"

"இன்னும் இல்லை."

"வேற ஆரும் சொல்ல முன்னம் நீங்கள் சொல்லுங்கோ. இப்பவே."

கிர்ஸ்டன் ஃபோனில் முழுவதையும் கேட்டாள். "எவ்வளவு சாப்பிட்டார்கள்?" என்றாள். பானை காலி என்றேன். "போதும் என்று ஒருவரும் சொல்லவில்லையா?" "எல்லோரும் சொன்னார்கள்" என்றேன். வேலை போய்விட்டது என்று நினைத்தேன். "நான் வருகிறேன்" என்று வைத்துவிட்டாள்.

இரவுச் சாப்பாட்டுக்குச் சோறு வைக்க எனக்குத் துணிவு வரவில்லை. கறுத்தப் பாண், ஈரல் பசை, மீன். நடுமேசையில் வைத்துவிட்டுக் குசினிக் கதவுக்குப் பின்னால் நின்றேன். கிர்ஸ்டன் பக்கத்தில் வந்து நின்றாள். அவர்கள் வந்தார்கள், களிம்பு நெடி முன்னால் வந்தது. மேசையைப் பார்த்தார்கள். ருவன் வெறும் தட்டோடு நேரே என்னிடம் வந்தான். முகம் வெளிறியிருந்தது. அடிக்கப் போகிறான் என்றுதான் நினைத்தேன்.

"பத் நெத்த?" என்றான். சோறு இல்லையா?

லொட்ஜில் நான் கேட்ட அதே கேள்வி. மனேஜர் பின்னால் வந்து என் தோளில் கை வைத்தார். "மூன்று தட்டுச் சாப்பிட்டுவிட்டு யாரால் ஓட முடியும்? என் அம்மா சமைத்திருந்தாலும் இதேதான் நடந்திருக்கும்" என்றார். எனக்குக் கண் கலங்கிவிட்டது. வெங்காயம் உரிப்பதாகப் பாவனை செய்யக்கூடப் பக்கத்தில் வெங்காயம் இல்லை. கிர்ஸ்டனே உலையை ஏற்றினாள். சோறு வேகும்வரை அத்தனை பேரும் அந்தப் பாணைத் தொடாமல் இருந்தார்கள். நான் ருவனுக்கு ஓர் அகப்பை போட்டேன். அடுத்ததற்குக் கை போகவில்லை. அவனோ தட்டைப் பின்னுக்கு இழுக்காமல் நீட்டியபடியே நின்றான்.

வேலை நிரந்தரமாயிற்று. ஆனால் இன்று அந்தப் பள்ளிக்கூடம் இல்லை. அந்த இடத்தில் குடாவைப் பார்த்தபடி அடுக்குமாடி வீடுகள் நிற்கின்றன. கிர்ஸ்டன் ஓய்வு பெற்று எங்கோ தெற்கே போய்விட்டாள். கை சட்டைப் பைக்குப் போவதும் எப்போதோ நின்றுவிட்டது, நின்றதைக் கவனிக்கவும் இல்லை. கூடவே இன்னொன்றும் போய்விட்டது. எங்கள் வீட்டில் இப்போது எல்லாம் நடுமேசையில்தான். மகள் ஒருதரம் "நை தக்" என்றால், வேண்டாம் என்பதை வேண்டாம் என்றே எடுத்துக்கொண்டு அகப்பையை வைத்துவிடுகிறேன். நான்தான் அவளை அப்படி வளர்த்தேன்.

களிம்பைப் பூசி முடித்ததும், "இன்னும் கொஞ்சம் பூசவா அப்பா?" என்று கேட்டாள். வேண்டாம் என்றேன். உடனே மூடியைப் போட்டு எழும்பிவிட்டாள். முழங்கால் இன்னும் வலித்தது. இன்னொருதரம் கேட்பாள் என்று அவள் போன கதவையே பார்த்துக்கொண்டிருந்தேன்.