தங்கப்பொண்ணு ஆட்டோவில் மூன்றாவது பாட்டு

தங்கப்பொண்ணுக்கு வாய் சும்மா இருக்காது. மதுரையில் அவனியாபுரத்துக்கும் பெரியார் பஸ் ஸ்டாண்டுக்கும் ஷேர் ஆட்டோ ஓட்டுகிறவளுக்கு வாய் சும்மா இருந்தால் பிழைப்பு நடக்குமா? புருஷன் செத்த பிறகு அவன் வண்டியை இவளே எடுத்தாள். ஸ்டாண்டில் முறைத்த ஆம்பளைகளையெல்லாம் அந்த வாயாலேயே சமாளித்து, மகள் தமிழ்வாணியைக் காலேஜ் வரைக்கும் படிக்க வைத்தாள். அப்பேர்ப்பட்ட வாயைத்தான் அன்று காலையில் ராம்கி கட்டிப்போட்டிருந்தான்.

ராம்கியும் தமிழ்வாணியும் இன்னும் இரண்டு பையன்களும் ஒரே சபையில் பாடிப் பழகியவர்கள். 'கடுகுவிதை' என்று பேர் வைத்துக்கொண்டு, கிடாரும் கீபோர்டுமாக முதல் ஆல்பத்தை முடித்திருந்தார்கள். எல்லாம் இயேசுவைப் பற்றிய பாட்டுகள். மூன்றாவது பாட்டைத் தமிழ்வாணி தனியாகப் பாடியிருந்தாள். வம்பு அங்கேதான் வந்தது. குரல் ரொம்பக் கனம், இந்தக் காலத்துப் பிள்ளைகள் கேட்க மாட்டார்கள், எடுத்துவிடலாம் என்று மற்ற இரண்டு பேரும் ஒற்றைக்காலில் நின்றார்கள். அவள் தனியாகப் பாடியதே அந்த ஒன்றுதான்! ராம்கிக்கு மனசு கேட்கவில்லை. ஷேர் ஆட்டோவில் போட்டுப் பார்ப்போம், ஏறுகிற சனத்துக்குப் பிடித்தால் இருக்கட்டும், இல்லையென்றால் எடுத்துவிடலாம் என்றான். எல்லோரும் ஒத்துக்கொண்டார்கள்.

"அத்தே, யாரு பாடுனதுன்னு மூச்சு விடக் கூடாது. தெரிஞ்சா மொகத்துக்காக நல்லாருக்குன்னுருவாங்க" என்று சொல்லிவிட்டுப் பின்சீட்டில் உட்கார்ந்தான் ராம்கி.

முதல் இரண்டு பாட்டையும் ஒருத்தரும் காதில் வாங்கவில்லை. பூ விற்கும் சுந்தரம்மாள் மட்டும், "ஏ தங்கம், வேற பாட்டே இல்லையா?" என்று கேட்டுவிட்டு, போனில் மருமகளோடு சண்டையைத் தொடர்ந்தாள். தங்கப்பொண்ணு பல்லைக் கடித்துக்கொண்டு ஓட்டினாள்.

வில்லாபுரம் தாண்டும்போது மூன்றாவது பாட்டு வந்தது. சுந்தரம்மாளின் பேச்சு பாதியில் நின்றது. "இரு, அப்பறம் பேசுறேன்" என்று போனை வைத்தாள்.

"யாருடி இவ? அடிவயித்துல இருந்துல்ல பாடுறா! சவுண்டைக் கூட்டு."

பெற்றவள் எம்புட்டு நேரம்தான் தாங்குவாள்? நடுரோட்டில் சடாரென்று பிரேக் போட்டாள் தங்கப்பொண்ணு.

"எம் மவதான்! எம் மவ தமிழ்வாணி!"

பின்னால் வந்த பஸ்காரன் ஹாரனை அலறவிட்டான். ராம்கி தலையில் கைவைத்துக்கொண்டான்.

"கெடுத்தீங்களே அத்தே! இனி யாரு நல்லாருக்குன்னாலும் அவய்ங்க நம்ப மாட்டாய்ங்க."

தங்கப்பொண்ணுக்கு உயிரே போய்விட்டது. மகள் பாட்டைத் தன் வாயே தின்றுவிட்டதே! வண்டியை ஓரங்கட்டிவிட்டு அப்படியே உட்கார்ந்துவிட்டாள்.

என்ன சங்கதி என்று ராம்கியிடம் கேட்டுத் தெரிந்துகொண்ட சுந்தரம்மாள் அவன் பக்கம் நன்றாகத் திரும்பி உட்கார்ந்தாள்.

"ஏப்பா, நான் போனை வச்சது இவ சொல்றதுக்கு முந்தியா, பிந்தியா?"

"முந்தித்தான்."

"பெறகென்ன? எம் மருமக கூடச் சண்டையையே பாதியில விட்டுட்டுக் கேட்டிருக்கேன். போயி அவய்ங்கட்டச் சொல்லு!"

ஆட்டோவே சிரித்தது. ராம்கியும் சிரித்துவிட்டான். அங்கேயே தமிழ்வாணிக்குப் போன் போட்டான்.

"வாணி, ஒம் பாட்டு இருக்கு. மூணாவதா இல்ல, மொதப் பாட்டா. அவய்ங்ககிட்ட நான் பேசிக்கிறேன்."

அந்தப் பக்கம் விசும்பல்தான் கேட்டது. தங்கப்பொண்ணு முந்தானையில் கண்ணைத் துடைத்துக்கொண்டு போனைப் பிடுங்கினாள்.

"அழுகாதடி கூறுகெட்டவளே, தொண்டை கட்டிக்கிரும். ஞாயித்துக்கெழமை சபையில நீ பாடணும்!"