கறாரக்காவின் சாட்சியம்

பின்னலாடைக் கம்பெனியில் பிசிறு வெட்டும் அவளை எல்லோரும் கறாரக்கா என்றுதான் கூப்பிடுவார்கள், அதுவும் முகத்துக்கு நேராகவே. அவளும் அதைப் பட்டம் மாதிரி வாங்கி வைத்துக்கொண்டாள். மளிகைக்காரரோ, வீட்டுக்காரரோ, மேஸ்திரியோ, யாருடைய பருப்பும் அவளிடம் வேகாது. புருஷன் கண்ணை மூடியபோது ஒரு மகன், இடுப்பில் ஒரு மகள். யாரிடமும் பல்லிளிக்காமல் அந்தக் குடும்பம் கரையேறியது என்றால் அது இந்தக் கறாரால்தான், அதை யாரும் மறுக்க முடியாது.

மகன் லிஃப்ட் மெக்கானிக் ஆனான். சம்பளக் கவரைப் பிரிக்காமல் கொண்டுவந்து அம்மா கையில் வைப்பான். பஸ்ஸுக்கு அவள் எண்ணித் தருவாள். மத்தியானச் சாப்பாடு டப்பாவில் போகும். ஒரு ஆண்பிள்ளைக்கு இதற்கு மேல் என்ன வேண்டும் என்பது அவள் கட்சி. இப்படி ஒரு பிள்ளையா என்று தெருவே வயிறெரிந்தது.

ஒரு சாயங்காலம் பஸ்ஸிலிருந்து இறங்கி ரோட்டைக் கடந்தவனை லாரி அடித்துப் போட்டுவிட்டது. அவள் அழுது முடிப்பதற்குள் நஷ்டஈட்டு வழக்கு வந்துவிட்டது. அதற்கு வாய்த்தவர் ஒரு இளம் வக்கீல். பொறுமைசாலி.

"கோர்ட் முதல்ல அவர் சம்பாத்தியத்தை எடுத்துக்கும்மா. அதுல தனக்குன்னு என்ன செலவு பண்ணியிருப்பாரோ, அதைக் கழிச்சுடும். மீதியைத்தான் வயசைப் பார்த்து, இத்தனை வருஷம்னு பெருக்கித் தருவாங்க."

"செத்தவனுக்கு என்ன தம்பி செலவு?"

"உயிரோட இருந்திருந்தான்னு வச்சுத்தான் கணக்கு. கல்யாணம் ஆகாத பையன்னா பாதியைக் கழிக்கிறது வழக்கம்."

அவளுக்குப் பகீரென்றது. "பாதியா? எம்பையன் தனக்குன்னு அஞ்சு காசு எடுக்கமாட்டான்."

"அதை அப்படியே கூண்டுல ஏறிச் சொல்லுங்க. அப்பா இல்லாத குடும்பத்தை அவர்தான் தாங்கினார்னு நிரூபிச்சா, மூணுல ஒரு பங்கோட விட்டுடுவாங்க."

பாதிக்கும் மூன்றில் ஒரு பங்குக்கும் நடுவில்தான் மகளின் நர்ஸிங் படிப்பு மாட்டிக்கொண்டிருந்தது. தாய்க்கும் மகளுக்கும் அது நன்றாகத் தெரியும்.

விசாரணை அன்று கோர்ட் அறையில் ஃபேன் ஓடியது, காற்றுதான் வரவில்லை. முதலில் மகனோடு வேலை பார்த்த கூட்டாளி சாட்சி சொன்னான். லாரியின் இன்ஷூரன்ஸ் கம்பெனி வக்கீல் சிரித்துக்கொண்டே கேட்டார். "கல்யாணம் ஆகாத வாலிபர். டீ, சினிமான்னு ஒண்ணுமா செலவு இருக்காது?"

"இல்லைங்க. நாங்க டீக்கடைக்குப் போனா அவன் லிஃப்ட் ரூம்லயே உட்கார்ந்துக்குவான். டீ வாசனையே ஆகாதும்பான். அப்புறம் நாங்களும் கூப்பிடறதை விட்டுட்டோம்."

கறாரக்காவுக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஆகாதா? வீட்டுக்குள் நுழைந்ததும் செருப்பைக் கழற்றுமுன் டீ கேட்கிறவன் அவன். முதல் டம்ளரை நின்றபடியே குடித்துவிட்டு, இரண்டாவதற்குத்தான் உட்காருவான்.

பக்கத்திலிருந்த மகளைப் பார்த்தாள். மகள் தரையைப் பார்த்தாள்.

"உனக்குத் தெரியுமா?"

"தெரியும்மா."

"ஏண்டி சொல்லலை?"

"வீட்டுல டீ இருக்கும்போது வெளியில எதுக்குன்னு கேட்டிருப்பே."

கேட்டுத்தான் இருப்பாள். அதற்குள் அவளைக் கூண்டுக்குக் கூப்பிட்டுவிட்டார்கள். நம் வக்கீல் கேட்டதற்கெல்லாம் பிசகாமல் பதில் சொன்னாள். அடுத்து இன்ஷூரன்ஸ் வக்கீல் எழுந்தார்.

"உங்க பையன் தனக்குன்னு எதுவுமே கேட்டதில்லையாம்மா?"

"கேட்டிருக்கான்."

அவர் நிமிர்ந்தார். "என்ன கேட்டார்?"

"மழைக்கோட்டு."

"வாங்கினாரா?"

"இல்லைங்க. குடைதான் இருக்கேன்னு சொல்லிட்டேன்."

"வேற?"

"கூட்டாளிங்களோட கடல் பார்த்துட்டு வரேன்னான்."

"போனாரா?"

"இல்லைங்க. அப்புறம் பார்க்கலாம்னேன்."

"அப்புறம்?"

"அப்புறம் அவன் கேட்கலை."

இன்ஷூரன்ஸ் வக்கீல் உட்கார்ந்துவிட்டார். அவள் சொன்ன ஒவ்வொரு 'இல்லை'க்கும் நம் வக்கீலின் முகம் மலர்ந்தது. பொய் சொல்லியிருந்தால் அவள் நேராக நின்றிருப்பாள். சொன்னதெல்லாம் சத்தியம், அதனால்தான் கூண்டுக் கட்டையைப் பிடித்துக்கொண்டு நிற்க வேண்டியிருந்தது.

தீர்ப்பு வந்தது. இறந்தவர் தம் சம்பாத்தியம் முழுவதையும் தாயிடமே கொடுத்தார் என்பதும், தமக்கென்று ஏறக்குறைய எதுவுமே செலவிடவில்லை என்பதும் தாயின் சாட்சியத்தால் ஐயமின்றி நிரூபணமாகிறது என்று நீதிபதி வாசித்தார். அறையில் இருந்தவர்கள் அவளைத் திரும்பிப் பார்த்தார்கள். பாராட்டாகத்தான் பார்த்தார்கள், பாவம். அவளுக்கு எங்கே முகத்தை வைத்துக்கொள்வதென்று தெரியவில்லை.

வெளியே வராந்தாவில் வக்கீல் ஓடிவந்தார்.

"ஜெயிச்சுட்டோம்மா. மூணுல ஒரு பங்குதான் கழிச்சிருக்காங்க. பாப்பா படிப்புக்குக் கவலையில்லை."

மகள் கைகூப்பினாள். கறாரக்கா அசையவில்லை.

"அந்த ஒரு பங்கையும் ஏன் தம்பி கழிச்சாங்க? அவன்தான் செலவே பண்ணலைன்னு அவங்களே சொன்னாங்களே?"

அவள் அதற்கும் பேரம் பேசுகிறாள் என்று நினைத்த வக்கீல் சமாதானமாகச் சொன்னார். "அதுக்குக் கீழ குறைக்கமாட்டாங்கம்மா. சம்பாதிக்கிற மனுஷன் தனக்குன்னு அவ்வளவாவது எடுத்துக்கணும் இல்லையா? அது அவருக்குன்னு கோர்ட் விடறது."

"கோர்ட் விட்டுது," என்றாள் அவள். "நான் விடலையே தம்பி."