காமாலை என்று சொல்லி வைத்த நோய்

சென்னை மேன்ஷனில் என் இருமலுக்குக் கிடைத்த முதல் பதில், பக்கத்து அறைக்காரர் சுவரில் விட்ட குத்து. அவர் பெயர் எனக்குத் தெரியாது. எனக்கும் அங்கே ‘பதினோராம் நம்பர்’ என்றுதான் பெயர்.

சளியில் ரத்தம் கண்ட பிறகே ஆஸ்பத்திரிக்குப் போனேன். காசநோய் (நுரையீரலை அரிக்கும் கிருமி நோய்) என்றார் டாக்டர். “கூட யார் வந்திருக்கா?” என்று கேட்டார். யாரும் இல்லை என்று தெரிந்தும் தாழ்வாரத்தைத் திரும்பிப் பார்த்தேன்.

சங்கரன்கோவிலில் இருந்த அக்கா வீட்டுக்கு வந்து சேர்ந்தேன். தினம் ஊசி, மாத்திரை, பால், முட்டை. காசம் என்றால் வாசலில் ஆள் நடமாட்டம் நின்றுவிடுமே என்று பயந்து, மஞ்சள்காமாலை என்று தெருவில் சொல்லி வைத்தாள் அக்கா. ஊர்வாயை மூட உலைமூடி இல்லை என்பார்கள். அவள் காமாலையைப் போட்டு மூடப் பார்த்தாள்.

வினை அங்கேதான். பார்க்க வந்தவர்கள் எல்லாம் கீழாநெல்லியோடு வந்தார்கள். முட்டையைத் தொடாதே, எண்ணெயைத் தொடாதே என்று ஆளுக்கொரு பத்தியம். அக்கா முட்டையைச் சோற்றுக்குள் புதைத்துக் கொடுத்தாள். நாலு பேர் விசாரிக்கிற ஆளாகிவிட்டேன் என்று எனக்கு உள்ளூர சந்தோஷம். ஆனால் அவர்கள் விசாரித்தது வேறொரு நோயாளியை.

கரிவலம்வந்தநல்லூரில் வயல் வைத்திருந்த எதிர்வீட்டு அண்ணாச்சி ஒருநாள் பேத்தியை என் மடியில் விடக் குனிந்தார். சளியில் கிருமி தீரும்வரை பிள்ளைகளை அண்டவிடக் கூடாது என்பது டாக்டர் உத்தரவு. உண்மையைச் சொன்னால் நாளை இந்த வாசலுக்கு யார் வருவார்கள்? கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டேன்.

“வேண்டாம் அண்ணாச்சி. எனக்குக் காமாலை இல்ல. டி.பி.”

பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு போய்விட்டார். அடுப்படியில் அக்கா மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது.

மறுநாள் அவர் தனியாக வந்தார். காற்று வரும் பக்கமாகப் பெஞ்சை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

“ஏம்வே, இத முன்னமே சொல்லக் கூடாதா? ஒமக்குக் கீழாநெல்லி பறிச்சுப் பறிச்சு என் வரப்பே மொட்டையாப் போச்சு.” துண்டை அவிழ்த்து முட்டைகளை எடுத்து வைத்தார். “இனி ஒளிக்காம தின்னும்.”

பிறகு எல்லோரும் வரவில்லை. வந்தவர்கள் என்னைப் பார்க்க வந்தார்கள்.

தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தான் தெரியும். இந்த நோய் வந்தவர்களுக்குச் சொல்கிறேன்: மாத்திரையை நடுவில் நிறுத்தாதீர்கள். ஒருவரிடமாவது உள்ளதைச் சொல்லிவிடுங்கள்.

இப்போது கிருமி இல்லை. இடது நுரையீரலில் தழும்பு மட்டும். முன்பெல்லாம் பஸ் ஸ்டாண்டிலிருந்து விறுவிறுவென்று வீடு வந்துவிடுவேன். இப்போது மூச்சு வாங்க அங்கங்கே நிற்கிறேன். நிற்கிற இடத்திலெல்லாம் யாராவது, “என்னவே, எப்படி இருக்கீரு?” என்கிறார்கள். மூச்சுக்காக நின்றேனா, பதில் சொல்ல நின்றேனா என்று எனக்கே பிரித்துச் சொல்லத் தெரிவதில்லை.