தரிசு போட்ட வயல்

வாய்க்கால்காரர் என்று சொன்னால்தான் அவரை நாலு பேருக்குத் தெரியும். ஐம்பது வயதுவரை மண்வெட்டியே கதியென்று கிடந்த மனிதர். கடைமடைக்குத் தண்ணீர் வராத வருடம், தூர்ந்துபோன வாய்க்காலில் தனியாளாக இறங்கி வெட்டத் தொடங்கினார். கிறுக்கு என்று சிரித்தவர்களே ஒரு வாரத்தில் கூட இறங்கினார்கள். அடுத்த தேர்தலில் அவரை விடாப்பிடியாக நிறுத்தினார்கள். எதிர்த்து நின்ற அரிசி ஆலை முதலாளி மண்ணைக் கவ்வினார்.

சட்டசபையில் அவருக்குக் கடைசி வரிசை. ஏசிக் குளிரில் முழங்கால் குடையும். மசோதா ஒவ்வொன்றும் தலையணை கனம் இருக்கும்; அவர் எழுத்துக்கூட்டி முடிப்பதற்குள் ஓட்டெடுப்பே முடிந்துவிடும். ஆனால் நிலம், நீர் என்று ஏதாவது கண்ணில் பட்டால் விடமாட்டார்.

தரிசு நில மசோதா வந்தபோது நான்கு நாள் உட்கார்ந்து படித்தார். தரிசை அரசு எடுத்துக்கொண்டு தொழிற்சாலை கட்டுமாம். கல்லும் முள்ளுமாகச் சும்மா கிடக்கிற பொட்டல்தானே, கட்டட்டுமே என்று நினைத்தார். கையைத் தூக்கியதோடு விட்டாரா, எழுந்து ஆதரித்து இரண்டு நிமிடம் பேசவும் செய்தார். அதுதான் சபையில் அவருடைய முதல் பேச்சு. மேசையைத் தட்டினார்கள். மனிதர் உச்சி குளிர்ந்துபோனார்.

'தரிசு என்பது தொடர்ந்து மூன்று போகம் பயிரிடப்படாத நிலம்' என்று கடைசிப் பக்கத்தில் பொடி எழுத்தில் இருந்தது. பிறந்ததிலிருந்து புழங்குகிற சொல்லுக்கு யார் போய் அர்த்தம் தேடுவார்கள்? அவரும் தேடவில்லை.

மூன்று மாதம் கழித்து ஒரு காலையில் அவருடைய அக்கா அலுவலகத்துக்கு வந்தாள். புருஷன் போன பிறகு அவளுக்கிருந்தது மூன்று ஏக்கர் வயல் மட்டும்தான். உப்புப் பூத்துவிட்டது, இரண்டு வருடம் தரிசு போட்டு ஆறவிடு என்று யோசனை சொன்னவரே இவர்தான். அவள் நீட்டிய காகிதத்தில் அந்த வயலை அரசு எடுத்துக்கொண்டதாக எழுதியிருந்தது.

"ஏதோ தப்பா அனுப்பிட்டாங்க போல தம்பி. எங்க தெருவுல ஒன்பது வீட்டுக்கு வந்திருக்கு. தம்பி பாத்துக்குவான்னு சொல்லிட்டு வந்திருக்கேன்."

நில அலுவலருக்குப் போன் போட்டார்.

"தப்பு இல்லீங்கய்யா. விசாரிக்கப் போனப்ப, தரிசா போட்டிருக்கேன்னு அவங்களே சொல்லிக் கையெழுத்தும் போட்டாங்க."

"அது ஆறப்போட்ட வயலுய்யா."

"சட்டத்துல ஆறப்போட்ட வயல்னு ஒண்ணு இல்லீங்களே. அன்னிக்கு நீங்க பேசுனதக் கேட்டேங்கய்யா. ரொம்ப நல்லா இருந்துச்சு."

போனை வைத்துவிட்டு, தப்பில்லை, சட்டப்படிதான் எடுத்திருக்கிறார்கள் என்று அக்காவிடம் சொன்னார்.

"எந்தப் படுபாவிடா இப்படி ஒரு சட்டத்தப் போட்டான்?"

"நான்தான்க்கா."

விளையாடுகிறான் என்று அவள் சிரித்தாள். தம்பியின் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பு நின்றது.

"அன்னிக்கு டிவியில எழுந்து நின்னு பேசுனியே, அதுவா?"

அவர் தலையசைத்தார்.

அவள் காகிதத்தை வாங்கி மடித்தாள். மடிப்பு சரியாக வரவில்லை. பிரித்து மறுபடி மடித்தாள்.

"நீ என்ன பேசுறன்னு எனக்குப் புரியலடா. ஆனா என் தம்பி பேசுறான்னு அந்த ஒன்பது வீட்டு ஆளுங்களையும் கூப்பிட்டு உக்காத்தி வெச்சுக் காட்டினேன்."